எழுதிக் கொடுத்த நிலம்

நிலத்தை விற்கப்போவதில்லை என்று டிரைவர் வந்து சொன்ன காலையில் செடிக்காரம்மா எலுமிச்சைக்கு ஒட்டுக் கட்டிக்கொண்டிருந்தாள். நான்கு நாள் விடாமல் அடித்த மழை அன்றுதான் ஓய்ந்திருந்தது. நிழல்வலையில் தேங்கிய தண்ணீர் சொட்டுச் சொட்டாக அவள் முதுகில் விழுந்தது. கன்றின் தண்டைப் பிளந்து, ஆப்பு மாதிரி சீவிய குச்சியை அதில் செருகி, பிளாஸ்டிக் நாடாவால் இறுக்கிச் சுற்றுகிற வேலை. பாதியில் விட முடியாது. வெட்டின வாய் காய்ந்துவிட்டால் ஒட்டுப் பிடிக்காது. அதனால் அவர் சொன்னதைக் காதில் வாங்கிக்கொண்டே நாடாவைச் சுற்றி முடித்து, முடிச்சுப் போட்டு, பிறகுதான் நிமிர்ந்தாள்.

“என்னங்கய்யா சொன்னீங்க?”

“அதாம்மா. நிலத்தக் குடுக்கிற மாதிரி இல்ல. பையன் சம்மதிக்க மாட்டேங்கிறான்.”

“நிலம் பையன் பேர்லயா இருக்கு?”

“என் பேர்லதான்.”

“ஒப்பந்தத்துல கையெழுத்துப் போட்டது?”

வேலிக்கு இந்தப் பக்கம், என் பூந்தொட்டிப் பட்டறையில், நான் அச்சிலிருந்து சிமெண்ட் தொட்டி ஒன்றைக் கழற்றிக்கொண்டிருந்தேன். டிரைவர் என்னைப் பார்த்தார். உடனே பார்வையைத் திருப்பிக்கொண்டார். வழக்கமாக வந்தால் என் இடத்தில் கவிழ்த்துப் போட்ட தொட்டி மேல் உட்கார்ந்து ஒரு டீயாவது குடிக்காமல் போகாத மனிதர். அன்றைக்கு வாசல் படலைத் தாண்டிக்கூட உள்ளே வரவில்லை. “அட்வான்ஸத் திருப்பித் தந்துடறோம்மா” என்று சொல்லிவிட்டு, சேறு ஒட்டிய செருப்பை ரோட்டில் தேய்த்துத் தேய்த்து நடந்து போனார்.

அந்த ஒப்பந்தத்தில் சாட்சிக் கையெழுத்துப் போட்ட இரண்டு பேரில் நான் ஒருவன். இன்னொருவர் டிரைவரோடு ஒரே பஸ்ஸில் இருபது வருடம் ஓடிய கண்டக்டர். கையெழுத்துப் போட்ட மூன்றாம் மாதம் மாரடைப்பில் போய்ச் சேர்ந்துவிட்டார். ஆக, உயிரோடு மிச்சமிருந்த சாட்சி நான்தான்.

நிலம் என்று பார்த்தால் கால் ஏக்கர். மெயின் ரோட்டை ஒட்டிய நீளத் துண்டு. டிரைவர் வேலையில் இருந்தபோது வாங்கிப் போட்டு, கல்லும் முள்ளுமாகக் கிடந்ததைச் செடிக்காரரும் அவர் மனைவியும் குத்தகைக்கு எடுத்தார்கள். பதினோரு வருடம். முதல் வருடம் முழுக்கக் கல் பொறுக்கினார்கள். பின்பக்கத்தில் தாய்மரங்கள் வைத்தார்கள். ஏழு கொய்யா, ஒன்பது எலுமிச்சை, நான்கு மா. அந்த மரங்களிலிருந்துதான் குச்சி வெட்டி ஒட்டுக் கட்டுவதும் பதியன் போடுவதும். தொட்டியிலும் கவரிலும் இருக்கிற செடியை லாரியில் ஏற்றி வேறு எங்கே வேண்டுமானாலும் கொண்டுபோகலாம். வேரோடிய மரத்தைக் கொண்டுபோக முடியாது. அது போனால் இன்னொரு இடத்தில் முதல் வருடத்திலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

ஓய்வு பெற்றதும் டிரைவரே வாய்விட்டுக் கேட்டார். “நீங்களே வாங்கிக்கங்க. தெரியாதவனுக்குக் குடுத்தா மரத்த வெட்டிடுவான்.” விலை பேசி, முன்பணம் கொடுத்து, பத்து மாதத்துக்குள் மீதியைக் கொடுத்துக் கிரயம் செய்துகொள்வதாக முத்திரைத்தாளில் எழுதினோம். செடிக்காரம்மா பேரில்தான் எழுதியது. பாங்கு விஷயமெல்லாம் அவள்தான் பார்ப்பாள் என்று செடிக்காரரே சொல்லிவிட்டார். ஏழாவது மாதம் ரோட்டை அகலப்படுத்தப் போகிறார்கள் என்ற பேச்சு வந்தது. கார் விற்கிற கம்பெனி ஒன்று ரோட்டோரத்தில் இடம் தேடியது. டிரைவரின் மகனுக்கு அவர்கள் சொன்ன விலை எங்கள் விலையைப் போல் இரண்டு மடங்கு.

செடிக்காரர் சண்டைக்காரர் இல்லை. செடிக்குத் தண்ணீர் விடும்போது கூட வேகமாக விட்டால் மண் அரித்துவிடும் என்று குழாய் வாயைக் கட்டை விரலால் அடைத்து, பூந்தூறலாக விடுவார். மனிதர்களிடமும் அதே மாதிரிதான். செடி வாங்க வருகிறவர்கள் பேரம் பேச ஆரம்பித்தாலே, “அக்காகிட்ட கேட்டுக்கங்க” என்று மனைவியைக் காட்டிவிட்டு நகர்ந்துவிடுவார்.

டிரைவர் வந்துபோன அடுத்த வாரம், செடிக்காரம்மா இருநூறு கன்று ஏற்றிக்கொண்டு ஒரு பள்ளிக்கூடத்துக்குப் போயிருந்தாள். அந்த நேரம் பார்த்து டிரைவரின் மகன் வந்தான். பைக்கை வாசலில் நிறுத்திவிட்டு, துணிப்பை ஒன்றைச் செடிக்காரர் கையில் கொடுத்துவிட்டுப் போனதை நான் பார்த்தேன். என்ன பை என்று கேட்கவில்லை. கேட்டிருக்க வேண்டும்.

மத்தியானம் செடிக்காரம்மா திரும்பி வந்தாள். நான் மணல் சலித்துக்கொண்டிருந்தேன். கொட்டகைக்குள் அவள் குரல் உயரவே இல்லை. அதனால்தான் எனக்குப் பயமாக இருந்தது.

“எண்ணிப் பாத்தீங்களா?”

“இல்ல. முழுசா இருக்குன்னான்.”

“ஏதாச்சும் எழுதிக் குடுத்தீங்களா?”

“கேட்டான். நீ வரட்டும்னு சொல்லிட்டேன்.”

“அந்தப் புத்தியாவது இருந்துச்சே. எதுக்கு வாங்கினீங்க?”

செடிக்காரர் சொன்னார். “வாங்கலைன்னா இதுவும் போயிடும்னு சொன்னான். கோர்ட்டுக்குப் போனா உங்க பேரப்புள்ளைங்க காலத்துலதான் தீர்ப்பு வரும்னு சிரிச்சான். வாங்கி வச்சிட்டேன்.”

“எங்க வச்சிருக்கீங்க?”

“எரு மூட்டைக்கு அடியில.”

அதற்குப் பிறகு வாரக்கணக்கில் அவள் அவரோடு செடியைப் பற்றி மட்டும் பேசினாள். “மூணாவது பாத்திக்குத் தண்ணி போகல.” “ரோஜாவுல பூச்சி இருக்கு.” சோறு போட்டு முன்னால் வைப்பாள். தட்டு சத்தம் கேட்கும், பேச்சு சத்தம் கேட்காது. செடிக்காரர் என்னிடம் வந்து, தொட்டிக்கு வண்ணம் அடிக்கட்டுமா என்று கேட்டுக்கொண்டு, நாள் பூராவும் எனக்கு வேலை செய்தார். கூலி கொடுத்தால் வாங்கவில்லை.

வக்கீலைப் பார்க்க என்னையும் கூட்டிக்கொண்டு போனார்கள். வக்கீலம்மாவின் அறை ஒரு டயர் கடைக்கு மாடியில். ரப்பர் நாற்றம் படியிலேயே வரவேற்கும். கீழே ரிம்மைச் சுத்தியலால் அடிக்க ஆரம்பித்தால் வக்கீலம்மா பேச்சை நிறுத்திவிட்டுக் காத்திருப்பார். அடி நின்றதும் விட்ட சொல்லிலிருந்து தொடர்வார். ஐம்பது வயது இருக்கும். மூக்குக் கண்ணாடியைத் தலையில் ஏற்றி வைத்துக்கொண்டு அதை மேஜையில் தேடுகிற ஆள். ஆனால் ஒப்பந்தத்தை இரண்டு தடவை வரி விடாமல் படித்தார்.

“முன்பணத்தத் திருப்பி வாங்கினது யாரு?”

செடிக்காரர் கையைத் தூக்கினார், பள்ளிக்கூடத்தில் மாதிரி.

“ஒப்பந்தம் யாரு பேர்ல?”

“என் பேர்லங்க,” என்றாள் செடிக்காரம்மா.

“அப்ப தப்பிச்சீங்க. உங்களுக்காக வாங்கிக்கச் சொல்லி அவர நீங்க அனுப்பல. ரசீதும் இல்ல. அந்தப் பணத்துல ஒரு நோட்டக்கூட எடுக்காதீங்க. நோட்டீஸ்ல, உங்க பணம் இங்க இருக்கு, இத நாங்க ஏத்துக்கலன்னு எழுதிடறேன். அப்புறம் அப்படியே கோர்ட்ல கட்டிடலாம்.” செடிக்காரரைப் பார்த்தார். “மூஞ்சியத் தூக்கி வச்சுக்காதீங்க. பாதிப் பேரு வாங்கிச் செலவே பண்ணிட்டுத்தான் என்கிட்ட வர்றாங்க.”

கீழே சுத்தியல் அடித்தது. காத்திருந்தோம்.

“இப்ப சொல்லுங்க. உங்களுக்கு என்ன வேணும்?”

“என்ன கிடைக்கும்னு நீங்க சொல்லுங்களேன்.”

“ஒருத்தர் விக்கிறேன்னு எழுதிக் குடுத்துட்டுப் பின்வாங்கினா, வாங்க வந்தவங்க பணத்த வட்டியோட திருப்பிக் கேக்கலாம். பேச்சு மாறினதால நஷ்டம்னு நிரூபிச்சா நஷ்ட ஈடும் கேக்கலாம். அது கொஞ்சம் சீக்கிரம் முடியும். அது வேணாம், எழுதினபடி நிலத்தையே கிரயம் பண்ணித் தரச் சொல்லுன்னும் கேக்கலாம். அது இழுக்கும். கேஸ் நடக்கிற வரைக்கும் வேற யாருக்கும் விக்கக் கூடாதுன்னு ஒரு தடையுத்தரவு வாங்கிடலாம். அதுல எனக்குப் பயமில்ல.”

“நிலம்தான் வேணும்.”

“அவசரப்படாதீங்க. நிலம் வேணும்னா ஒண்ணு நிரூபிக்கணும். ஒப்பந்தம் போட்ட நாள்லேர்ந்து இன்னைக்கு வரைக்கும், மீதிப் பணத்தோட நீங்க தயாரா இருந்தீங்க, இப்பவும் இருக்கீங்க, தீர்ப்பு வர்ற அன்னைக்கும் இருப்பீங்கன்னு. ஒரு மாசம் கைய விரிச்சாலும் போச்சு. பாங்கு லோன் எந்த நிலையில இருக்கு?”

“கடிதம் வந்துடுச்சுங்க. கிரயத்தன்னைக்கு டிராஃப்ட் குடுப்பாங்க.”

வக்கீலம்மா முதல் தடவையாகச் சிரித்தார். “அந்தக் கடிதம் எங்க?”

“வீட்டுல, துணிக்கு நடுவுல.”

“நல்ல இடம். எடுத்துட்டு வாங்க.” தலையிலிருந்த கண்ணாடி நழுவி மூக்கில் விழுந்தது. “கடைசித் தேதிக்கு இன்னும் ஒரு மாசம் இருக்கு. அன்னைக்கு டிராஃப்ட எடுத்துக்கிட்டு, பத்திரம் டைப் பண்ணிக்கிட்டு, பதிவு ஆபீசுக்குப் போங்க. திறக்கிற நேரத்துலேர்ந்து மூடுற வரைக்கும் உக்காருங்க. அவரு வர மாட்டாரு. வரலைங்கிறதுதான் நமக்கு வேணும்.”

அந்த நாளை நான் மறக்க முடியாது. வெயில் மண்டையைப் பிளந்தது. பதிவு ஆபீஸ் வராந்தாவில் இரண்டே பெஞ்சு. ஒன்றில் கால் ஒன்று ஆடியது. நாங்கள் மூன்று பேரும் அதில் உட்கார்ந்து, ஒருவர் எழுந்தால் கவிழும் என்பதால் ஒருவருக்கொருவர் சொல்லிவிட்டே எழுந்தோம். செடிக்காரம்மா டிராஃப்ட் இருந்த உறையை மடியில் வைத்து, அதன் மேல் கையை வைத்து, அதன் மேல் முந்தானையைப் போட்டு மூடியிருந்தாள். பத்திரம் பதிய வந்தவர்கள் சிரித்துக்கொண்டே உள்ளே போனார்கள், மிட்டாய் கொடுத்துக்கொண்டே திரும்பினார்கள்.

பகல் பன்னிரண்டு மணிக்கு அவள் கேட்டாள். “கவர்ல இருக்கிற நாத்தெல்லாம் வாடியிருக்குமே. நீங்க போய்த் தண்ணி விட்டுட்டு வாங்களேன்.”

“வக்கீலம்மா அசையக் கூடாதுன்னாங்க,” என்றார் செடிக்காரர்.

“என்னைத்தான் அசையக் கூடாதுன்னாங்க.”

அவர் போகவில்லை. பக்கத்துக் கடையில் ரொட்டியும் வாழைப்பழமும் வாங்கிவந்து அவள் பக்கத்தில் வைத்தார். அவள் பழத்தை உரித்து, பாதியை ஒடித்து அவரிடம் நீட்டினாள். அவ்வளவு நாளுக்குப் பிறகு செடி சம்பந்தமில்லாமல் அவர்களுக்குள் நடந்த முதல் கொடுக்கல் வாங்கல் அது. நான் வேறு பக்கம் திரும்பிக்கொண்டேன்.

ஐந்து மணிக்குப் பியூன் கதவைச் சாத்த வந்தார். காலையிலிருந்து எங்களைப் பார்த்தவர். “எதிர்பார்ட்டி வரலியா?” என்றார். வரவில்லை என்றோம். “வராதுன்னு தெரிஞ்சும் உக்காந்திருந்தீங்களா?” என்றார். ஆமாம் என்றோம். சாவியைப் போட்டுக்கொண்டே, “எத்தனையோ பேரப் பாத்தாச்சு” என்று மட்டும் சொன்னார். தோட்டத்துக்குத் திரும்பியபோது இருநூறுக்கு மேல் நாற்று சுருண்டு கிடந்தது. இருட்டுவதற்குள் தண்ணீர் விட்டதில் பாதி பிழைத்தது.

வழக்கு மூன்று வருடம் நடந்தது. தடையுத்தரவு முதல் மாதமே கிடைத்தது. கார் கம்பெனி இன்னொரு இடம் பார்த்துக்கொண்டு போய்விட்டது. அதன் பிறகாவது டிரைவரின் மகன் இறங்கி வருவான் என்று நினைத்தோம். அவன் வீம்புக்காரன். நல்ல விலை கைவிட்டுப் போனதைவிடச் செடிக்காரி ஒருத்தி நோட்டீஸ் விட்டதுதான் அவனுக்கு உறைத்தது.

மூன்று வருடம் என்று ஒரு வார்த்தையில் சொல்லிவிட்டேன். வாய்தாவுக்கு வாய்தா செடிக்காரம்மா போனாள். காலையில் நான்கு மணிக்கே எழுந்து தண்ணீர் விட்டு, கவரில் மண் நிரப்பி, குளித்து, ஒன்பதரைக்குக் கோர்ட்டு வராந்தாவில் இருப்பாள். நகத்து இடுக்கில் செம்மண் இருக்கும். பேரைக் கூப்பிட்டதும் எழுந்து நிற்பாள். இன்னொரு தேதி சொல்வார்கள். திரும்பி வருவாள். அந்த நிலத்தில் கிணறு தோண்ட நினைத்திருந்தாள். தன்னுடையது ஆகுமா ஆகாதா என்று தெரியாத மண்ணில் எப்படித் தோண்டுவது? லாரித் தண்ணீரே வாங்கினாள். பாங்கில் லோன் கடிதம் ஆறு மாதத்துக்கு ஒருமுறை காலாவதியாகும். ஒவ்வொரு தடவையும் மேனேஜர் முன்னால் உட்கார்ந்து புதுப்பித்துக்கொண்டு வருவாள். மூன்றாவது மேனேஜர் கேட்டாராம், “ஏம்மா, பணத்த வாங்காம கடிதத்த மட்டும் சேத்து வைக்கிறீங்க?”

நடுவில் ஒருநாள் செடிக்காரர் சொன்னார். “விட்டுடலாமா? ஊருக்கு வெளிய இடம் பாத்திருக்கேன். குத்தகைக்குத்தான்.”

அவள் அப்போது பதியன் பிரித்துக்கொண்டிருந்தாள். கொய்யாக் கிளையில் சுற்றிக் கட்டிய பாசியை அவிழ்த்து, வெள்ளை வேர் வந்திருக்கிறதா என்று பார்க்கிற வேலை.

“அங்க போனா இன்னொருத்தரு நிலம். இன்னொருத்தரு வாக்கு. எத்தன தடவங்க?”

“உனக்கு உடம்பு தேயுது. அதச் சொன்னேன்.”

“தெரியுது. நீங்க சொன்னது தப்புன்னு சொல்லல.” வேர் இருந்தது. கிளையை வெட்டி அவர் கையில் கொடுத்தாள். “நெழல்ல வைங்க.”

சாட்சி விசாரணை வந்தபோது முதலில் அவள், பிறகு செடிக்காரர், பிறகு நான். எதிர்த்தரப்பு வக்கீல் இளவட்டம். நல்ல குரல். செடிக்காரரைக் கூண்டில் ஏற்றியதும் நேரே துணிப்பை விஷயத்துக்கு வந்தார்.

“முன்பணத்தைத் திருப்பி வாங்கிக்கொண்டீர்கள். சரிதானே?”

“வாங்கினேங்க.”

“அதாவது, ஒப்பந்தம் வேண்டாம் என்று ஒத்துக்கொண்டு வாங்கினீர்கள்.”

செடிக்காரர் கூண்டின் கட்டையைப் பிடித்துக்கொண்டார். செடிக்காரம்மா தரையைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“பயந்து வாங்கினேங்க. அந்தப் பையன் பேசினதுல பயந்துட்டேன். வாங்கினதுக்கப்புறம் அத அவுத்துக்கூடப் பாக்கல. என் சம்சாரம் அப்ப அங்க இல்ல.” நீதிபதியைப் பார்த்தார். “பயந்து வாங்கினா அது சம்மதம் ஆகுமான்னு எனக்குத் தெரியலைங்கய்யா. ஆகும்னா தப்பு என்னோடது. அவ பேர்ல எழுதாதீங்க.”

நீதிபதி எழுதுவதை நிறுத்திவிட்டு அவரை ஒரு நிமிடம் பார்த்தார். பிறகு எழுதினார். கூண்டிலிருந்து இறங்கி வந்தவரின் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. செடிக்காரம்மா பெஞ்சில் நகர்ந்து இடம் கொடுத்தாள்.

என் முறை வந்தபோது டிரைவர் முன் வரிசையில் இருந்தார். முப்பது வருடப் பழக்கம். என் தொட்டிகளை ஸ்டாப் இல்லாத இடத்தில் பஸ்ஸை நிறுத்தி ஏற்றிக்கொண்டு போனவர். அவரைப் பார்க்காமல் பேச வேண்டும் என்று நினைத்துக்கொண்டே போனேன். பார்க்கத்தான் செய்தேன். ஒப்பந்தத்தைக் காட்டினார்கள். டிரைவர் கையெழுத்துப் போட்டதை என் கண்ணால் பார்த்தேன் என்றேன். தாளில் எழுத்து இருந்ததா என்று கேட்டார்கள். இருந்தது, கண்டக்டர் சத்தமாகப் படித்துக் காட்டினார், எல்லோரும் கேட்டோம் என்றேன். தொட்டி வியாபாரத்துக்காகப் பொய் சொல்கிறேன் என்றார் இளவட்டம். என் வியாபாரம் இந்தக் கூண்டில் நிற்கிற நேரத்தில் கெட்டதுதான் மிச்சம் என்றேன். யாரோ சிரித்தார்கள்.

அடுத்த மாதம் டிரைவர் ஏறினார். செடிக்காரரிடம் கடன் வாங்கியதற்கு ஈடாக வெற்றுத்தாளில் கையெழுத்துப் போட்டுக் கொடுத்ததாகவும், அதில் பிறகு எழுதிக்கொண்டார்கள் என்றும் சொன்னார். சாட்சி போட்ட நான் அன்றைக்கு அந்த இடத்திலேயே இல்லை என்றார். மனப்பாடம் செய்த பாட்டை ஒப்பிக்கிற குரல். பின்வரிசையில் மகன் தலையை ஆட்டிக்கொண்டிருந்தான். வக்கீலம்மா எழுந்து ஒரே கேள்விதான் கேட்டார். “கடன் எவ்வளவு, எதுக்காக வாங்கினீங்க?” டிரைவர் வாயைத் திறந்தார். அதற்குப் பதில் அவருக்கு யாரும் சொல்லிக்கொடுத்திருக்கவில்லை. பின்வரிசையைத் திரும்பிப் பார்த்தார். “ஞாபகம் இல்ல” என்றார்.

எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. வீட்டுக்கு வந்து ஒன்பது தொட்டி வார்த்தேன். ஒன்பதும் கோணல்.

தீர்ப்பு அவளுக்குச் சாதகமாக வந்தது. மீதிப் பணத்தை இரண்டு மாதத்துக்குள் கோர்ட்டில் கட்ட வேண்டும், டிரைவர் கிரயம் எழுதித் தர வேண்டும், தராவிட்டால் கோர்ட்டே அவர் சார்பில் எழுதிக் கொடுக்கும். வக்கீலம்மா படித்துச் சொன்னபோது கீழே டயர் கடையில் சுத்தியல் அடி. அவர் காத்திருக்காமல் அந்தச் சத்தத்துக்கு மேல் கத்திப் படித்தார்.

“முடிஞ்சுதுங்களா?” என்றாள் செடிக்காரம்மா.

“முப்பது நாளைக்குள்ள அவங்க அப்பீலுக்குப் போகலாம். போனா இன்னும் ரெண்டு மூணு வருஷம்.”

அவள் முகத்தை இரண்டு கையாலும் மூடிக்கொண்டாள். அழவில்லை. எழுந்து, “பாங்குக்குப் போகணும்” என்றாள்.

இருபதாவது நாளோ இருபத்தொன்றோ, மத்தியானச் சாப்பாட்டு நேரம் டிரைவர் என் இடத்துக்கு வந்தார். கையில் ஒரு பை. இளைத்துப் போயிருந்தார். நின்றுகொண்டே இருந்தார். நான் ஒரு தொட்டியைக் கவிழ்த்துப் போட்டேன். உட்கார்ந்தார்.

“பையன் அப்பீல் பேப்பரு கொண்டுவந்தான். கையெழுத்துப் போட மாட்டேன்னுட்டேன்.”

நான் இன்னொரு அச்சுக்கு எண்ணெய் தடவினேன்.

“கூண்டுல அப்படிச் சொன்னேன் பாரு. அன்னைக்கு வீட்டுக்குப் போய்ச் சாப்பிட உக்காந்தேன். மருமக சோறு போட்டா. பையன் பக்கத்துல வந்து உக்காந்து, ‘நல்லா சொன்னீங்கப்பா’ன்னான். முப்பத்திரண்டு வருஷம் வண்டி ஓட்டினேன். ஒரு ஆளு மேல ஏத்தினதில்ல. அவனப் படிக்க வச்சேன், கல்யாணம் பண்ணி வச்சேன். ஒருநாளும் நல்லா பண்ணீங்கன்னு அவன் வாயில வந்ததில்ல. இதுக்குத்தான் வந்துச்சு. சோறு இறங்கல.”

“அப்புறம்?”

“இப்ப வெளிய போகச் சொல்லிட்டான். டிப்போ பக்கத்துல ஒரு ரூம்பு எடுத்திருக்கேன். சின்னதுதான். ஒரு ஆளுக்குப் போதும்.” பையின் காதைத் திருகிக்கொண்டிருந்தார். “நீ அன்னைக்கு அங்க இல்லைன்னு சொன்னேன்ல.”

“சொன்னீங்க.”

“நீ என்ன நெனச்ச?”

“தொட்டி வார்க்கப் போயிட்டேன்.”

அவர் தலையை ஆட்டினார். வேலிக்கு அந்தப் பக்கம் செடிக்காரம்மா மண் கலந்துகொண்டிருந்தாள். இரண்டு கூடை மண், ஒரு கூடை மணல், ஒரு கூடை எரு. மண்வெட்டி ஒரே தாளத்தில் விழுந்துகொண்டிருந்தது. எங்கள் பேச்சு அவளுக்குக் கேட்டிருக்கும். மண்வெட்டி நிற்கவில்லை. “தேதி சொல்லச் சொல்லு, வந்துடறேன்” என்று என்னிடம் சொல்லிவிட்டு டிரைவர் போய்விட்டார்.

அவர் வருவார் என்று வக்கீலம்மா நம்பவில்லை. கோர்ட்டு மூலமாகவே எழுதி வாங்கிக்கொள்ளலாம், அதற்கும் மனு தயார் என்றார். “வரேன்னு சொன்னாருங்க,” என்றாள் செடிக்காரம்மா. “முன்னாடியும் சொன்னாருதானே?” என்றார் வக்கீலம்மா. ஆனாலும் தேதியைச் சொல்லி அனுப்பினாள்.

அன்றைக்கு நாங்கள் போனபோது டிரைவர் ஏற்கெனவே அங்கே இருந்தார். சட்டை இஸ்திரி போட்டிருந்தது. தலையை நனைத்துப் படிய வாரியிருந்தார். எங்களைப் பார்த்ததும் எழுந்து நின்றார். பேரைக் கூப்பிட்டார்கள். பதிவாளர் இளம் அதிகாரி. பத்திரத்தைப் புரட்டிக்கொண்டே, எல்லோரையும் கேட்கிற கேள்வியை நிமிர்ந்து பார்க்காமல் கேட்டார்.

“சொந்த விருப்பத்தோட எழுதிக் குடுக்கிறீங்களா?”

டிரைவர் யோசித்தார். “ஒப்பந்தம் போட்டப்போ முழு விருப்பத்தோடதான் போட்டேன். நடுவுல மாறிட்டேன். இப்ப கோர்ட்டு சொல்லியிருக்கு. ஆனா கோர்ட்டு சொன்னதுக்காக மட்டும் வரல.”

பதிவாளர் இப்போது நிமிர்ந்தார். “பெரியவரே, ஆமாவா இல்லையான்னு மட்டும் சொல்லுங்க.”

“ஆமா.”

விரல் ரேகை வைத்தார். ஒவ்வொரு பக்கத்திலும் கையெழுத்துப் போட்டார். செடிக்காரம்மா போட்டாள். சாட்சிக்கு நான் போட்டேன். இருபது நிமிடத்தில் எல்லாம் ஆகிவிட்டது. மூன்று வருடமாக நடக்காத காரியம்.

வெளியே எதிர்ப்பக்கம் பஸ் ஸ்டாப்பு. டிரைவர் அதில் போய் நின்றார். நாங்கள் பைக்கை எடுக்கப் போகாமல் அங்கேயே தயங்கி நின்றோம். செடிக்காரர் எங்கேயோ போய்விட்டார். செடிக்காரம்மா ரோட்டைக் கடந்து டிரைவரிடம் போனாள். நானும் பின்னால் போனேன்.

“எனக்கு மூணு வருஷம் போச்சுங்கய்யா,” என்றாள். “அத எந்த மனு போட்டாலும் திருப்பி வாங்க முடியாதுன்னு வக்கீலம்மா சொல்லிட்டாங்க.”

“முடியாதும்மா.”

“உங்க மேல கோவம் இன்னும் இருக்கு. இல்லைன்னு சொன்னா பொய்யாயிடும்.”

“இருக்கட்டும். அதுக்கு நான் ஒண்ணும் சொல்ல முடியாது.”

“ரூம்புல சமைக்கிறீங்களா, கடையில சாப்பிடறீங்களா?”

டிரைவர் இதை எதிர்பார்க்கவில்லை. “காலையில மட்டும் சமைக்கிறேன்,” என்றார்.

செடிக்காரர் ரோட்டைக் கடந்து வந்தார். கம்பி வளையத்தில் நான்கு கிளாஸ் டீ. வண்டிகளுக்கு நடுவே சிந்தாமல், தண்ணீர் விடுகிற அதே நிதானத்தோடு வந்தார். முதல் கிளாஸை டிரைவரிடம் நீட்டினார். டிரைவர் செடிக்காரம்மாவைப் பார்த்தார். அவள் தன் கிளாஸை எடுத்துக்கொண்டாள்.

அப்போது டிப்போ பஸ் வந்து நின்றது. டிரைவர் சீட்டில் இருந்தவனுக்கு இவரைத் தெரியும் போல. கதவைத் திறந்து வைத்துக்கொண்டு, “வாங்கண்ணே, ஏறுங்க” என்று கூப்பிட்டான். அவர் கையில் கிளாஸ் சூடாக இருந்தது. இன்னொரு கையை ஆட்டி, நீ போ என்றார். பஸ் புறப்பட்டது. அவர் டீயை ஊதிக் குடித்தார்.